முனியாண்டியை ஒளித்து வைத்துவிட்டு யாருடைய பண்பாட்டைக் காட்டப் போகிறீர்கள்?

பினாங்கில் இவ்வாண்டு தமிழர் கலை விழாவை நடத்தும் ஏற்பாட்டுக் குழுவின் தலைவருக்கும் செயலவை உறுப்பினர்களுக்கும்,

தோட்டத்து முனியாண்டி பூசையைப் படமாகவும் மேடையாகவும் காட்டும் என் நிகழ்ச்சியை, விழாவுக்குப் பதினோரு நாள் இருக்கையில் நீக்கியிருக்கிறீர்கள். வெள்ளிக்கிழமை இரவு வாட்ஸ்அப்பில் மூன்று வரி வந்தது. 'விழாவின் நோக்கத்துக்குப் பொருந்தவில்லை' என்று இருந்ததே தவிர, எந்த நோக்கம், அதில் எது பொருந்தவில்லை என்ற விவரம் இல்லை. மறுநாள் காலையில் நானே போன் செய்தேன். உங்களில் மூத்தவர் ஒருவர் ஒளிக்காமல் சொன்னார்: "பாருங்க தங்கச்சி, சுருட்டு, சாராயம், அரிவாள், சாமியாட்டம்... மத்த இனத்துக்காரங்க, வெளிநாட்டுக்காரங்க எல்லாம் வர்ற இடம். நம்மளப் பத்தி என்ன நெனைப்பாங்க? வேற ஏதாவது அழகா செஞ்சு குடுங்களேன்."

அவர் கடுமையாகப் பேசவில்லை, அன்பாகத்தான் சொன்னார். அதனாலேயே எனக்கு அப்போது வாய் வரவில்லை. நான்கு நாள் யோசித்துவிட்டு இதை எழுதுகிறேன். எல்லோரும் படிக்கும்படி எழுதுவதற்குக் காரணம், நீங்கள் நீக்கியது என் ஒருத்தியின் நிகழ்ச்சி இல்லை என்பதுதான். என்னோடு ஐந்து பேர் இருக்கிறார்கள். அவர்களில் நான்கு பேருக்கு அறுபது வயது தாண்டிவிட்டது. அவர்களிடம் இன்னும் ஒருவரும் நேரில் போய் எதையும் சொல்லவில்லை.

என் படத்தை உங்களில் எத்தனை பேர் கடைசி வரை பார்த்தீர்கள் என்று எனக்குத் தெரியாது. அதனால் அது என்னவென்று சொல்லிவிடுகிறேன்.

என் தாத்தா நிபோங் திபால் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் பால் வெட்டியவர். தோட்டத்து முனியாண்டிக்கு அவர்தான் பூசாரி. பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையான அந்தச் செபராங் பிறையில் வெள்ளைக்காரன் முதலில் கரும்பு போட்டான், அப்புறம் ரப்பர், அப்புறம் செம்பனை வந்தது. பயிர் மாறினாலும் நம் ஆட்கள் அந்த மண்ணிலேயே இருந்தார்கள், அவர்களோடு முனியும் இருந்தார். கோயில் என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. தொழிலாளர் குடியிருந்த லயத்து வீடுகள் முடிந்து பால்மரக் காடு தொடங்குகிற இடத்தில் ஒரு கல், ஒரு சூலம், எலுமிச்சம்பழம் குத்திய ஓர் அரிவாள். விடிவதற்கு முன் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு வெட்டுக்குப் போகும் பெண்கள் அந்தக் கல்லைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுத்தான் இருட்டுக்குள் நுழைவார்கள். பாம்பு, பன்றி, கங்காணி, எல்லாவற்றுக்கும் காவல் அவர்தான். என் அம்மாவும் அப்படித் தொட்டுவிட்டுப் போனவர்.

நான் ஐந்தாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தபோது தோட்டம் கைமாறியது. எல்லோரையும் மூன்று மாதத்தில் காலி செய்யச் சொன்னார்கள். தாத்தா கல்லைச் சாக்கில் சுற்றி லாரியில் ஏற்றினார். அரிவாளை மட்டும் லாரியில் போட மனம் வராமல் மடியில் வைத்துக்கொண்டு வந்தார். இப்போது அந்த முனி தாமான் என்கிற புதுக் குடியிருப்பு ஒன்றின் வீட்டு வரிசைக்குப் பின்னால், பெரிய கால்வாய் ஓரத்தில், தகரக் கொட்டகைக்குள் இருக்கிறார். வருடத்துக்கு ஒரு தடவை பூசை நடக்கும். போன முறை வந்தவர்கள் இருபத்தாறு பேர்.

அந்தப் பூசையைத்தான் எடுத்தேன். பதினாறு எம்எம் பிலிமில், சாவி கொடுத்து ஓட்டும் பழைய போலெக்ஸ் கேமராவில் எடுத்தேன். ஒரு தடவை சாவி கொடுத்தால் இருபத்தெட்டு நொடிதான் ஓடும், அதற்கு மேல் தானாக நின்றுவிடும். நூறு அடிச் சுருள் மூன்று நிமிடம்கூட வராது. ஏன் இந்த வம்பு, கைப்பேசியிலேயே எடுக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. கைப்பேசி நிற்காமல் எடுத்துக்கொண்டே இருக்கும். இந்தக் கேமராவில் எதை எடுப்பது, எதை விடுவது என்று ஒவ்வொரு தடவையும் முடிவு செய்தாக வேண்டும். சாமிக்கு முன்னால் நிற்கும்போது அந்தக் கட்டுப்பாடு எனக்குத் தேவைப்பட்டது.

பூசாரி சுருட்டைப் பற்றவைத்துக் கல்லின் விளிம்பில் வைத்தார். அதைக் கிட்டப் போய் எடுத்தேன். காற்றே இல்லை. சுருட்டு தானாக எரிந்துகொண்டே போனது. சாம்பல் உதிரவில்லை, விரல் நீளத்துக்கு வளைந்து அப்படியே நின்றது. சுற்றி நின்றவர்கள் பேச்சை நிறுத்திவிட்டு அதையே பார்த்தார்கள். இருபத்தெட்டு நொடி முடிந்து கேமரா நின்றது. நான் மறுபடி சாவி கொடுப்பதற்குள் சாம்பல் விழுந்துவிட்டது. அது விழுந்தது படத்தில் இல்லை, அங்கே இருந்தவர்களின் கண்ணில்தான் இருக்கிறது. நீங்கள் 'சுருட்டு' என்று ஒரே சொல்லில் தள்ளிய காட்சி இதுதான்.

பிலிமை வீட்டுச் சமையலறையில் நானே கழுவினேன். உடனடிக் கோப்பித்தூள், சலவைச் சோடா, வைட்டமின் சி தூள், இந்த மூன்றையும் கரைத்தால் கறுப்பு வெள்ளைப் பிலிமைக் கழுவலாம். பிறகு அதில் ஒரு பகுதியை எடுத்துப்போய், தாத்தாவின் கல் முன்பு இருந்த இடத்துக்குப் பக்கத்தில், மழை ஈரமுள்ள மண்ணில் இருபத்தொரு நாள் புதைத்து வைத்தேன். பிலிமில் உருவத்தைத் தாங்கி நிற்பது ஜெலட்டின். ஈர மண்ணில் கிடந்தால் கிருமிகள் அதைத் தின்னும். தோண்டி எடுத்தபோது சில இடங்களில் முகம் கரைந்திருந்தது, சில இடங்களில் மரத்தின் வேர் போலக் கோடு ஓடியிருந்தது, இரண்டு இடத்தில் ஓட்டை. அந்த மண் எங்களை எப்படித் தின்றதோ அப்படியே பிலிமையும் தின்றிருக்கிறது. அதைத் திருத்த எனக்கு உரிமை இல்லை என்று நினைத்தேன்.

உங்கள் தேர்வுக் குழுவிலிருந்து முதலில் வந்த குறிப்பு, 'படம் கெட்டுப்போயிருக்கிறது, நல்ல பிரதி அனுப்பவும்' என்பது. நான் இரண்டு பக்கத்துக்கு விளக்கம் எழுதினேன். பதில் இல்லை. சரி, புரிந்துகொண்டார்கள் போல என்று நம்பி ஒத்திகையைத் தொடர்ந்தேன். நிகழ்ச்சி நிரலில் என் பெயரும் வந்தது. அதற்குப் பிறகுதான் இந்த மூன்று வரி.

மேடையில் நடக்கப் போவது இதுதான். மூன்று வெள்ளை வேட்டிகளைச் சேர்த்துத் தைத்த திரையில் படம் ஓடும். நான் மஞ்சள் பூசிக்கொண்டு, தாத்தாவின் வேட்டியைப் போர்த்தி, புரொஜெக்டர் வெளிச்சத்துக்குள் நடந்து வருவேன். கல்லும் சூலமும் என் உடம்பின் மேல் விழும். ஓர் உறுமி, இரண்டு தப்பு, ஓர் உடுக்கை. உறுமியின் ஒரு முகத்தில் வளைந்த குச்சியை அழுத்தித் தேய்க்கும்போது வருமே, அடிவயிற்றிலிருந்து யாரோ முனகுகிற மாதிரி ஒரு சத்தம், அதுதான் படத்துக்கு ஒலி. பக்கத்தில் பாய் போட்டு எழுபத்தெட்டு வயது அம்மா ஒருவர் உட்கார்ந்து ஒப்பாரி வைப்பார். கணவர் இறந்தபோது வைத்த ஒப்பாரியை, தோட்டம் போனதற்கென்று அவரே மாற்றிக் கட்டியிருக்கிறார்:

பால்மரத்த வெட்டினாக, பாதையெல்லாம் மூடினாக,
காவலுக்கு நின்ன சாமி கல்லோட போன தெங்கே...

முதல் ஒத்திகையில் இந்த இடம் வந்ததும் தப்பு அடித்தவர் கையை நிறுத்திவிட்டார். அவரும் அதே தோட்டத்துக்காரர்.

இப்போது உங்கள் காரணங்களுக்கு வருகிறேன்.

'நம்மளப் பத்தி என்ன நெனைப்பாங்க' என்கிறீர்கள். உங்கள் விழா அறிவிப்பின் அட்டையில் தைப்பூசத்தில் கன்னத்தில் அலகு குத்தியவரின் படம் இருக்கிறது. அதை நீங்கள் பெருமையோடுதான் போட்டிருக்கிறீர்கள், நானும் பெருமைப்படுகிறேன். 1894 முதல் ஓடும் நகரத்தார் வெள்ளி ரதம் தண்ணீர்மலை முருகன் கோயிலை நோக்கிப் போகும்போது வழியெங்கும் உடைக்கிற தேங்காய் மலை போலக் குவிகிறது. குவிப்பவர்களில் நம் பக்கத்து வீட்டுச் சீனர்கள் எத்தனை பேர்! அவர்கள் நம்மை வேடிக்கை பார்க்க வரவில்லை, தங்கள் வேண்டுதலோடு வருகிறார்கள். அலகு குத்தியவர் உடம்பில் வந்த அருள் பண்பாடு, தகரக் கொட்டகையில் ஒரு பால்வெட்டுக்காரர் உடம்பில் வந்த அருள் அசிங்கம் என்றால், இரண்டுக்கும் நடுவில் உள்ள வித்தியாசம் சாமியைப் பற்றியதா, ஆடுகிறவரின் நிலைமையைப் பற்றியதா? உங்களை நான் உண்மையாகவே கேட்கிறேன். தயவுசெய்து யோசித்துப் பாருங்கள்.

இந்த ஊரிலேயே சீன நாட்காட்டியின் ஏழாம் மாதம் வந்தால் சீனர்கள் தெருவில் மேடை போட்டுப் பேய்களுக்காகக் கூத்தும் பாட்டும் நடத்துகிறார்கள். முன்வரிசை நாற்காலிகளை ஆவிகளுக்கென்று காலியாக விடுகிறார்கள். சுற்றுலாப் பயணிகள் என்ன நினைப்பார்களோ என்று அவர்கள் அந்த நாற்காலிகளை ஒளித்து வைத்து நான் பார்த்ததில்லை. ஜார்ஜ் டவுனை 2008ல் யுனெஸ்கோ உலக மரபுரிமை நகரமாக அறிவித்தது, இப்படிப் பல இனங்களின் வழக்கங்கள் இன்னும் உயிரோடு இருப்பதையும் பார்த்துத்தான்.

'தமிழ்ப் பண்பாடு என்றால் சிலப்பதிகாரம், திருக்குறள்' என்று உங்கள் அழைப்பில் எழுதியிருக்கிறீர்கள். சிலப்பதிகாரத்தில் வேட்டுவ வரி இருக்கிறது. அதில் சாலினி என்ற மறக்குலப் பெண்மேல் தெய்வம் ஏறுகிறது. அவள் மயிர் சிலிர்க்க ஆடுகிறாள், ஊர் செலுத்தத் தவறிய கடனைக் கேட்கிறாள். கண்ணகியைப் பார்த்துக் குறி சொல்வதும் அவள்தான். சங்கப் பாட்டில் வேலன் என்ற முருகன் பூசாரி அருள் வந்து வெறியாடுகிறான். இளங்கோவடிகள் கூச்சப்படாமல் ஒரு காதை முழுக்க எழுதியதை, நாம் ஏன் மண்டபத்தில் நாற்பது நிமிடம் பார்க்கக் கூச்சப்படுகிறோம்?

இன்னொருவர் கேட்டாராம், 'இப்படி யார் படம் எடுக்கிறார்கள், இதெல்லாம் ஒரு படமா' என்று. மாயா டெரன் என்று ஓர் அமெரிக்கப் பெண் இருந்தார். சோதனைப் படம் என்று இன்று நாம் சொல்வதற்கு வழி போட்டவர்களில் ஒருவர், நடனத்தில் ஊறியவர். 1947ல் ஹெய்ட்டிக்குப் போய் அங்குள்ள மக்கள்மேல் சாமியேறும் வூடூ வழிபாட்டுச் சடங்குகளை ஆயிரக்கணக்கான அடி பிலிமில் எடுத்தார். தன் கலைக்கு ஏற்றபடி அதை வெட்டி ஒட்டிவிடலாம் என்று நினைத்துப் போனவர், அந்த மக்களின் சாமிகளுக்கு முன்னால் தன் திட்டத்தைக் கீழே வைத்துவிட்டார். 1961ல் இறக்கும்வரை அந்தப் படத்தை அவர் முடிக்கவில்லை. எனக்கு அவரிடம் பிடித்தது இந்தத் தயக்கம்தான். நம் பக்கத்தில் நாடகாசிரியர் ந. முத்துசாமி புரிசைத் தெருக்கூத்தைப் பார்த்துவிட்டு, நவீன நாடகத்துக்கு வேர் இங்கேதான் இருக்கிறது என்று சொல்லி 1977ல் சென்னையில் கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். நான் புதிதாக எதையும் கண்டுபிடித்துவிடவில்லை. இவர்கள் போட்ட வழியில் ஒரு தோட்டத்துப் பிள்ளை நடக்கிறேன், அவ்வளவுதான்.

ஒரே ஒரு மறுப்பை மட்டும் நான் தலைவணங்கி ஏற்கிறேன். சாமி காரியத்தை மேடையில் வைப்பது தகுமா என்று ஓர் உறுப்பினர் கேட்டதாகக் கேள்விப்பட்டேன். நியாயமான கேள்வி, நானும் பல இரவு அதைக் கேட்டுக்கொண்டேன். அதனால்தான் கேமராவைக் கொட்டகைக்குள் கொண்டுபோகும் முன்பு பூசாரியிடம் உத்தரவு கேட்டேன். அவர் வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் தனித்தனிப் பொட்டலமாகக் கட்டிப் போட்டு, ஒரு சின்னக் குழந்தையை எடுக்கச் சொன்னார். வெள்ளை வந்தது. சிவப்பு வந்திருந்தால் கேமராவைப் பையிலிருந்து எடுத்தே இருக்க மாட்டேன். அருள் வந்தவரின் முகத்தை நான் எடுக்கவில்லை. அவர் ஆடும்போது கேமராவை அவர் காலுக்கும் மண்ணுக்கும் திருப்பிவிட்டேன். மேடையில் யாரும் சாமியாடப் போவதில்லை, ஆடுவது போல நடிக்கப் போவதும் இல்லை. சாராயம் படத்தில் இருக்கிறது, மேடையில் இல்லை. அரிவாள் திரைக்கு முன்னால் தரையில், வாழை இலைமேல் இருக்கும். அதை யாரும் தூக்க மாட்டார்கள். இவ்வளவும் நான் உங்களுக்கு அனுப்பிய குறிப்பில் இருந்தது. படித்திருந்தால் அந்த உறுப்பினரின் கவலை தீர்ந்திருக்கும். தீராவிட்டால், என்னைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கலாம்.

மலாய்க்காரர்களின் பழைய நாட்டிய நாடகமான மாக் யோங்கின் கதை உங்களுக்குத் தெரியும். கிளந்தான் மாநிலத்தில் 1991ல் அதற்குத் தடை போட்டார்கள். 2005ல் யுனெஸ்கோ அதை மனிதகுலத்தின் அரிய மரபு என்று அறிவித்தது. 2019ல் நிபந்தனைகளோடு தடை விலகியது. இடையில் இருபத்தெட்டு வருடம் போய்விட்டது. ஒரு கலையின் தலைமுறைக் கணக்கில் அது பெரிய காலம். ஆடத் தெரிந்தவர்களுக்கு வயதாகும், சிலர் இறந்தும் போவார்கள், கற்றுக்கொள்ள வேண்டிய வயதில் இருப்பவர்கள் வேறு வேலைக்குப் போய்விடுவார்கள். அங்கே அரசு தடை போட்டது. இங்கே நம்மை யாரும் தடுக்கவில்லை, நாமே நம் சாமியைத் திரைக்குப் பின்னால் தள்ளுகிறோம். அதைத்தான் என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

'அழகா' என்று அந்தப் பெரியவர் சொன்ன சொல் இன்னும் காதில் இருக்கிறது. என் பாட்டி பால்வாளியைத் தலையில் வைத்துக்கொண்டு, ஒரு கையால் பாவாடையைத் தூக்கிப் பிடித்து, மழைச் சேற்றில் வழுக்காமல் நடந்து வருவார். அதைவிட அழகான நடையை நான் எந்த மேடையிலும் பார்த்ததில்லை. வேட்டித் திரைக்குள் நான் நடக்கும் நடை அவருடையதுதான்.

நான் கேட்பவற்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். முதலில், நீக்கியதற்கான காரணத்தைக் குழுவின் பெயரில் எழுதி, கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள். வாட்ஸ்அப் வேண்டாம். எந்தக் காட்சி, எந்தச் செயல் உங்களுக்கு ஏற்புடையதில்லை என்று அதில் இருக்கட்டும். இரண்டாவது, விழாவுக்கு இன்னும் ஒரு வாரம் இருக்கிறது, நிகழ்ச்சியைத் திரும்பச் சேருங்கள். சிறுவர்கள் பார்க்க வேண்டாம் என்று நினைத்தால் இரவு ஒன்பதரைக்கு மேல் வையுங்கள், வாசலில் அறிவிப்பு எழுதி ஒட்டுங்கள், தொடங்கும் முன் நான் மலாயிலும் தமிழிலும் விளக்கம் சொல்கிறேன். நிரல் அச்சாகிவிட்டது, நேரமே இல்லை என்றால், இவ்வாண்டு முடிவதற்குள் அதே மண்டபத்தில் வேறொரு நாள் கொடுங்கள், தேதியை இப்போதே எழுத்தில் சொல்லுங்கள்.

பணத்தைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். உறுமிக்காரரும் தப்புக்காரர்களும் உடுக்கைக்காரரும் அந்த அம்மாவும் உங்கள் வார்த்தையை நம்பி ஏழு ஒத்திகைக்கு வந்திருக்கிறார்கள். உறுமிக்காரர் காவலாளி வேலையில் சம்பளம் இல்லாத விடுப்பு எடுத்துக்கொண்டு, பாலம் கடந்து வந்தார். ஆளுக்கு 350 வெள்ளி (ரிங்கிட்) என்று பேசினோம். நிகழ்ச்சி நடந்தாலும் நடக்காவிட்டாலும் அந்த ஐந்து பேருக்கும் அதை இந்த மாதத்துக்குள் கொடுத்துவிடுங்கள். எனக்கு எதுவும் வேண்டாம்.

அடுத்த ஆண்டிலிருந்து தேர்வுக் குழுவில் நாட்டார் வழிபாட்டை உள்ளிருந்து அறிந்த ஒருவரையாவது உட்கார வையுங்கள். பூசாரி, உறுமி வாசிப்பவர், ஒப்பாரி பாடுபவர், யாராக இருந்தாலும் சரி. நடனம் படித்தவர்களும் இசை படித்தவர்களும் இருக்கும் மேசையில் அவருக்கும் ஒரு நாற்காலி போடுங்கள்.

கடைசியாக ஒன்று. ஒப்பாரி வைக்கும் அந்த அம்மா நிகழ்ச்சிக்கென்று புதுச் சேலை எடுத்து, முந்தானைக்குக் குஞ்சம் கட்டக் கொடுத்திருக்கிறார். நிகழ்ச்சி இல்லை என்று அவரிடம் சொல்ல எனக்கு இன்னும் மனம் வரவில்லை. உங்கள் முடிவை மாற்றுவதில்லை என்றால், குழுவிலிருந்து இருவராவது நிபோங் திபாலுக்குப் போய், அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, என்ன காரணம் என்று நீங்களே அவரிடம் சொல்லுங்கள்.